யாருடைய கதை?

எரல் மாரிஸ் என்று ஓர் அமெரிக்கர். டாகுமெண்டரி எடுப்பவர். நடுவில் பிழைப்புக்காக பிரைவேட் டிடெக்டிவ் வேலையும் பார்த்தவர். மரண தண்டனை வழக்குகளில் சாட்சி சொல்லும் ஒரு மனநல டாக்டரைப் பற்றிப் படமெடுக்க டெக்ஸாஸ் போனார். போன இடத்தில், சிறையிலிருந்த ராண்டல் ஆடம்ஸைச் சந்தித்தார்.

1976-ல் டல்லாஸில் ஒரு போலீஸ்காரரைச் சுட்டதாக ஆடம்ஸுக்கு மரண தண்டனை. 1979-ல், மூன்றே நாள் பாக்கி இருக்கும்போது நிறுத்தி வைக்கப்பட்டு, பிறகு ஆயுளானது. மாரிஸ் டாக்டரை விட்டுவிட்டு சாட்சிகளைப் பிடித்தார். ஆடம்ஸ் நிரபராதி என்று முக்கிய சாட்சியே டேப்பில் சொல்லிவிட்டார். 1988-ல் 'தி தின் ப்ளூ லைன்' வெளிவந்தது. 1989-ல் ஆடம்ஸ் விடுதலை.

இங்கே 'சுபம்' போட்டுவிடாதீர்கள். வெளியே வந்த ஆடம்ஸ், மாரிஸ் மீதே வழக்குப் போட்டார். சிறையில் கையெழுத்திட்டுக் கொடுத்த தன் வாழ்க்கைக் கதையின் உரிமை திரும்ப வேண்டுமாம். கடைசியில் சமரசமாகி, உரிமை அவருக்கே வந்தது.

'நன்றி கெட்ட மனுஷன்' என்கிறீர்களா? கொஞ்சம் யோசியுங்கள். கம்பிக்குப் பின்னால் இருப்பவன் எந்தக் காகிதத்தில்தான் கையெழுத்துப் போடமாட்டான்? போலீஸ் அவரை வைத்துப் பொய்க்கதை சொன்னது. மாரிஸ் நிஜக்கதை சொன்னார். வித்தியாசம் மலைக்கும் மடுவுக்கும்தான். ஆனால் இரண்டிலும் ஆடம்ஸ் வெறும் பாத்திரம். கிணற்றில் விழுந்தவனைத் தூக்கிவிட்டால் புண்ணியம் உண்டு; அவன் மேல் பாத்தியதை கிடையாது.

ராத்திரி சாப்பிட்டுக்கொண்டே கொலைக்கதை பார்க்கிறோமே, அதில் அழுகிற அம்மாவிடம் யாராவது சம்மதம் கேட்டிருப்பார்களா?