அவன் பெயர் யாருக்கும் தெரியாதா?



1957ஆம் ஆண்டு பிப்ரவரி மாதத்தில் அமெரிக்காவின் பிலடெல்பியா நகரில், பாதையோரப் புதர்க்காட்டில் ஓர் அட்டைப் பெட்டி கிடந்தது. உள்ளே போர்வையில் சுற்றிய சிறு பையனின் பிரேதம். உண்ணாமல் மெலிந்த தேகம். உடம்பெல்லாம் அடிபட்ட காயங்கள். போலீசார் அவன் முகத்தை நோட்டீசில் அச்சிட்டு ஊரெங்கும் பரப்பினார்கள்; வீடுகளுக்குப் போகும் காஸ் பில்லோடுகூட அனுப்பினார்கள். "இவன் எங்கள் பிள்ளை" என்று ஒருவரும் வரவில்லை. திக்கற்றவர்களைப் புதைக்கும் நிலத்தில் அவனை அடக்கம் செய்து, இந்த அறியப்படாத பாலகனை ஆசீர்வதிக்கும்படி பரம பிதாவை வேண்டும் வாசகம் பொறித்த கல்லை நட்டார்கள்.

தேடுதல் நிற்கவில்லை. 1998லும் 2019லும் குழியைத் திறந்து எலும்பைச் சோதித்தார்கள். டி.என்.ஏ. வழியாக உறவுமுறையைக் கண்டு, பிறப்புப் பதிவைப் பார்த்து, 2022 டிசம்பர் 8ந் தேதி, அமலோற்பவ மாதா திருநாளன்று, அவன் பெயரை வெளியிட்டார்கள். ஜோசப், நாம் சூசை என்கிறோமே, அந்தப் பெயர். மறு மாதம், அவனுடைய எழுபதாவது பிறந்த நாளில், கல்லிலும் அது பொறிக்கப்பட்டது. கொன்றவர் இன்னார் என்று மட்டும் அன்று சொல்லப்படவில்லை.

"அறுபத்தைந்து வருஷம் பாடுபட்டுக் கண்டது ஒரு பெயர்தானா? செத்தவனுக்கு அதனால் என்ன? சர்வேசுரனுக்கு அவன் பெயர் தெரியுமே!" என்று நீர் கேட்கலாம். நியாயமான கேள்விதான். ஆனால் சர்வேசுரன் அறிந்திருப்பது நம்முடைய கடமையைத் தள்ளுபடி செய்வதில்லை. தோபியாஸ் என்னும் நீதிமான் தெருவில் பிரேதம் கிடக்கிறதென்று கேட்டதும் பந்தியை விட்டு எழுந்தான். "ஆண்டவர் பார்த்துக்கொள்வார்" என்று சோற்றில் கை வைக்கவில்லை. மரித்தோரை அடக்கம் செய்வது நமக்குக் கற்பிக்கப்பட்ட தருமக் கிரியை. பெயரோடு அடக்கம் செய்வது அதன் நிறைவு. உயிர்த்த நமது ஆண்டவரை மதலேன் மரியம்மாள் கண்டறிந்தது, அவர் தன்னைப் பெயர் சொல்லி அழைத்தபோதல்லவா?

இன்னொன்றையும் யோசித்துப் பாரும். அவன் உண்மையில் "அறியப்படாதவன்" தானா? அவனைப் பெற்றவள் ஒருத்தி உண்டு. பெயரிட்டுப் பதிவு செய்தவர்கள் உண்டு. பெட்டியில் கிடத்திய கைகளும் உண்டு. அறிந்தவர்கள் வாய் மூடியிருந்ததால் அவன் அறியப்படாதவனானான். மேலும், பட்டினி ஒரே நாளில் தேகத்தை உருக்குவதில்லை. அவன் மெலிந்துகொண்டிருந்த நாளெல்லாம் அவனுக்குப் பெயர் இருந்தது. அந்தப் பெயரைச் சொல்லி, "பிள்ளை எப்படியிருக்கிறான்?" என்று விடாமல் விசாரிக்க ஓர் ஆள்தான் இல்லை. இறந்த பின் ஆயிரம் பேர் கேட்ட கேள்வி, உயிரோடிருக்கையில் கேட்கப்பட வேண்டியது.

ஆகையால் அன்பரே, உமது தெருவில் அடிக்கடி அழுகுரல் கேட்கும் வீடு இருந்தால், பிறர் காரியம் நமக்கேன் என்று கதவைச் சாத்தாதேயும். திண்ணையில் விளையாடிய பிள்ளையைச் சில நாளாகக் காணோமென்றால், போய்க் கேளும். கோபித்துக்கொள்வார்கள், கோபிக்கட்டும்.

இன்றிரவு குடும்ப ஜெபத்தில், பெயர் தெரியாமல் புதைக்கப்பட்ட ஆத்துமாக்களுக்காக ஒரு பரலோக மந்திரமும் ஓர் அருள்நிறை மந்திரமும் ஒப்புக்கொடுப்போமாக.