ஆசிரியை விலகினார்; போர் விலகிற்றா?

"பெரியவனானால் என்ன ஆவாய்?" சாத்தான்குளத்து வகுப்பறையில், பனைத் தொழிலாளர் வீட்டுச் சிறுவனை நாம் கேட்கிறோம். "பட்டாளத்தான்!" என்று மார்பு நிமிர்த்துகிறான். தட்டிக் கொடுப்பதா, தடுத்துச் சொல்வதா?

ஜப்பானின் ஷோடோஷிமா தீவிலே ஓர் ஆசிரியை தடுத்துச் சொன்னார். சகாயே சுபோய் அம்மையாரின் 1952ஆம் ஆண்டுப் புதினத்தை, கெய்சுகே கினோஷிடா 1954இல் திரைக்குக் கொணர்ந்த 'இருபத்து நான்கு கண்கள்' காட்டும் கதை இது. பன்னிரண்டு குழந்தைகள், அவர்களுள் ஐவர் சிறுவர். படைவீரனைவிட மீனவனையும் அரிசி வணிகனையுமே விரும்புவதாகச் சொன்ன ஆசிரியைமீது 'சிவப்பு' என்ற ஐயம் விழுந்தது. "வாயை அடக்கு" என்றது மேலிடம். அவர் வேலையையே உதறினார்.

வீரம் என்கிறீர்களா, தோழர்களே? நமக்கோ நெஞ்சு உறுத்துகிறது. அவர் விட்டுச்சென்ற நாற்காலி வெறுமையாகவா இருந்திருக்கும்? அடங்கி இருந்தால் பொய்க்கு நாவை வாடகைக்கு விடுகிறோம். விலகி வந்தாலோ, வகுப்பையே வாடகையின்றி விடுகிறோம்! தம் மானத்தை அவர் காத்தார். மாணவரைக் காத்தவர் யார்? (பழிப்பது எளிது, சிறைக்கதவு நமக்காகத் திறந்து நிற்கவில்லையே!)

அந்த ஐவரில் மூவரைப் போர் விழுங்கிற்று. ஒருவன் கண்ணிழந்தான். ஆசிரியையின் கணவரும் மாண்டார்.

1951இல் ஜப்பானிய ஆசிரியர் சங்கம், மாணவரை மீண்டும் போர்க்களத்துக்கு அனுப்போம் என முழங்கிற்று. காலங்கடந்த முழக்கந்தான், ஆயினும் பழியில் தம் பங்கை உணர்ந்தோர் முழக்கம்.

1946இல் அவர் மீண்டும் ஆசிரியை. பழைய மாணவர் அவருக்கு விருந்து வைக்கின்றனர். கண்ணிழந்தவன் பள்ளிக்கால ஒளிப்படத்தை விரலால் தடவி, இவன் இன்னான், அவன் இன்னான் என்று ஒவ்வொருவராகக் காட்டுகிறான்.