மறந்துபோன வாத்தியக் குழு

ஆர்ட் ஸ்பீகல்மனின் ‘மௌஸ்’ சித்திர நாவலில் யூதர்கள் எலிகள், நாஜிகள் பூனைகள். ஆஷ்விட்ஸ் முகாமில் உயிர்பிழைத்த போலந்து யூதர் விளாடெக்கிடம், அவர் மகன் ஸ்பீகல்மனே உட்கார்ந்து கேட்டுப் பதிவுசெய்த கதை. 1992இல் புலிட்சர் சிறப்புப் பரிசு பெற்றது.

அதில் ஒரு பக்கம் என்னை விடுவதே இல்லை. முகாம் வாசலில் கைதிகளின் வாத்தியக் குழு இசைத்ததற்கு ஆவணங்கள் உண்டு. மகன் அதைப் பற்றிக் கேட்கிறார். அப்பாவுக்கோ அணிவகுத்து நடந்தது மட்டுமே நினைவிருக்கிறது. இசையாவது, குழுவாவது என்கிறார். ஸ்பீகல்மன் குழுவை வரைகிறார். அடுத்த கட்டத்தில் நடந்துபோகும் கைதிகள் அதை மறைத்துவிடுகிறார்கள். தலைகளுக்கு மேலே வாத்தியங்களின் நுனி மட்டும் தெரிகிறது. வரலாறும் பொய்யாகவில்லை, அப்பாவும் பொய்யராகவில்லை. இரண்டையும் ஒரே சட்டகத்துக்குள் நிறுத்தச் சித்திரத்தால்தான் முடியும்.

முகாமை விட்டு வந்தும் விளாடெக் அங்கேயே வாழ்ந்தார். நியூயார்க் தெருவில் கிடக்கும் தொலைபேசிக் கம்பியைக்கூடப் பொறுக்கிவைப்பார். போரில் இறந்த மூத்த மகன் ரிஷுவின் பெயரைச் சொல்லி இளையவரை அழைத்ததும் உண்டு. 1968இல் தற்கொலை செய்துகொண்ட மனைவி அன்யாவின் நாட்குறிப்புகளை எரித்ததும் அவரே. மகன் இதில் எதையும் பூசி மெழுகவில்லை. அப்பாவின் கருமித்தனத்தை வரைந்தால், யூதர்களை இழிவுபடுத்தும் பழைய கேலிச்சித்திரம் போலாகிவிடுமோ என்று அஞ்சினார். அந்த அச்சத்தையும் சேர்த்தே வரைந்தார்.