வேண்டாம் என்று சொல்ல முடியுமா?

உத்தமபாளையத்துக்குப் பக்கத்தில் கோகிலாபுரம் என்று ஓர் ஊர் இருக்கிறது. அந்த வழியாக எத்தனையோ தடவை போயிருக்கிறேன். ஜன்னலுக்கு வெளியே வயல், தென்னை, களை எடுக்கும் பெண்கள். பார்த்துக்கொண்டே தூங்கிவிடுவேன். அந்த ஊர் ஒரு மனிதரின் பல வருட வேலையாக இருந்தது என்று பின்னால்தான் தெரிந்தது.

பொருளாதார அறிஞர் வி.கே. ராமச்சந்திரன் 1977-ல் அங்கே ஆய்வு செய்தார். தேனி மாவட்டம் பிறக்காத காலம். ஊர் மதுரை மாவட்டத்தில் இருந்தது. அந்த ஆய்வு ஆக்ஸ்ஃபோர்டு அச்சகத்தின் புத்தகமாக வெளிவந்தது 1990-ல். இடையில் பதின்மூன்று வருடம்! அதோடு விட்டாரா? மதுரா சுவாமிநாதன், விகாஸ் ராவல் இருவரோடு சேர்ந்து, 1977 முதல் 1999 வரை அந்த ஊரின் கூலிப் பெண்கள் நிலை என்னவாயிற்று என்று 2001-ல் எழுதினார். பிறகு கேரளத் திட்டக் குழுவின் துணைத் தலைவரானார். பதவி கிடக்கட்டும். போன ஊருக்கே திரும்பிப் போனாரே, அதுதான் எனக்குப் பெரிதாகத் தெரிகிறது.

உழைப்பைப் படிப்பவர்கள் எத்தனை நாள் வேலை, கூலி எவ்வளவு என்று கேட்பார்கள். கேட்க வேண்டியதுதான். ஆனால் ராமச்சந்திரன் தன் புத்தகத் தலைப்பிலேயே கூலி உழைப்போடு சுதந்திரமின்மை என்ற சொல்லையும் சேர்த்து வைத்தார். அதாவது, இந்த முதலாளியிடம் வேலை வேண்டாம், அடுத்தவரிடம் போகிறேன் என்று ஒரு கூலிக்காரரால் சொல்ல முடிகிறதா? சட்டம் யாரையும் கட்டிப்போடவில்லை. கட்டிப்போடுவது கைமாற்று.

என் சின்னம்மா திராட்சைத் தோட்டத்து வேலைக்குப் போனவள். மகளுக்குக் காது குத்த அந்தத் தோட்டக்காரரிடம் முன்பணம் வாங்கினாள். அந்த வருடம் பக்கத்துத் தோட்டத்தில் கூலி கூடுதலாகக் கிடைத்தது. வரப்பைத் தாண்டி அவளால் போக முடியவில்லை. அவள் எத்தனை நாள் வேலைக்குப் போனாள் என்று கணக்கெடுக்கலாம். போக முடியாமல் போன அந்தப் பக்கத்துத் தோட்டத்தை எந்தக் கட்டத்தில் எழுதுவது?

எனக்கும் வீட்டுக்கடன் உண்டு. ராஜினாமாக் கடிதத்தை இரண்டு முறை எழுதிக் கிழித்திருக்கிறேன். ‘நாமும் கொத்தடிமைதான்’ என்று அலுவலகத்தில் டீ குடித்தபடி பேசிக்கொள்வோம். அது சுத்தப் பொய். எனக்கு மழை பெய்தாலும் ஒன்றாம் தேதி சம்பளம் வரும். சின்னம்மாவுக்கு மழை பெய்தால் வேலை இல்லை.

இப்போது விடியும் முன்பே ஜீப்புகள் பெண்களை ஏற்றிக்கொண்டு கம்பம்மெட்டு, குமுளி வழியாக ஏலக்காய்த் தோட்டங்களுக்குப் போகின்றன. சின்னம்மாவும் சில வருடம் அப்படிப் போனாள். போன மாதம் அவளிடம் கேட்டேன்: “வேலைக்கு வர மாட்டேன்னு என்னைக்காவது சொல்லியிருக்கியா?”

யோசித்தாள். “உங்க தாத்தா செத்த அன்னைக்குச் சொன்னேன்” என்றாள். “மறுநாளே ஆள் அனுப்பிட்டாங்க.”