சுழலியின் தராசு

சுழலி என்ற தெய்வம் எந்தப் புராணத்திலும் இல்லை. ஓவியம் பயிலும் ஒரு சீடனின் மனத்தில் பிறந்தவள். அறுபது முகம், இடக்கையில் சக்கரம், வலக்கையில் தராசு. அவன் இராமேசுவரத்துக்காரன். தாத்தாவின் வீடு தனுஷ்கோடியில் இருந்தது. படத்தை எடுத்துக்கொண்டு வந்தவனோடு குரு சுவாமிமலைக் கோயில் படியில் அமர்ந்து பேசியது இது. தந்தை சிவனுக்கு மகன் முருகன் உபதேசித்த தலம். இங்கே சீடன் எதிர்த்துக் கேட்பதில் குற்றமில்லை.

சீடன்: ஐயா, இங்குள்ள 60 படிகளுக்கும் பிரபவ முதல் அட்சய வரை ஆண்டுகளின் பெயர். நாம் உட்கார்ந்திருப்பது 38ஆம் படி, குரோதி. 1964 டிசம்பர் 22ஆம் தேதி இரவு தனுஷ்கோடியைக் கடல் கொண்டது குரோதியில்தான். பாம்பன் பாலம் சிதைந்ததும் அன்றுதான். காலம் ஒரு சுற்றுச் சுற்றி மறுபடி குரோதிக்கு வந்தது. அந்த ஆண்டு முடிய ஒரு வாரம் இருக்கையில், 2025 ஏப்ரல் 6ஆம் தேதி, புதிய பாம்பன் பாலத்தைத் திறந்தார்கள். எடுத்த ஆண்டே திருப்பிக் கொடுத்துவிட்டது. அப்படிக் கொடுக்க வைப்பவள்தான் சுழலி.

குரு: பாலம் வந்தது, சரி. அன்றிரவு பாம்பனிலிருந்து தனுஷ்கோடிக்குப் போன ரயில்? அதில் இருந்தவர்கள்?

சீடன்: அவர்கள் வரவில்லை. தாத்தாவும் வரவில்லை.

குரு: பாலத்துக்கும் அவள் அறுபது ஆண்டு காக்க வைக்கவில்லையே. 1914இல் திறந்த அந்தப் பழைய பாலத்தைப் புயல் அடித்த சில வாரங்களிலேயே செப்பனிட்டு ரயில் விட்டார்கள். 2022 வரை ஓடியது. உப்புக்காற்று அரித்துத் தேய்ந்ததால் புதியது கட்டினார்கள். கடல் கொண்டுபோனது தனுஷ்கோடித் தண்டவாளத்தை. அது இன்றுவரை திரும்பவில்லை. திரும்பியதை மட்டும் தட்டில் வைத்து நிறுத்தால் எந்தத் தராசும் சமமாகத்தான் நிற்கும்.

சீடன்: ஆண்டு பொருந்துகிறதே ஐயா!

குரு: நமக்குப் பொருந்துகிறது. அதே இரவில் காசிப் பஞ்சாங்கத்தைப் புரட்டியிருந்தால் ஆண்டின் பெயர் வேறு. இந்த 60 பெயர்களும் வியாழனின் ஓட்டத்தை ஒட்டிப் பிறந்தவை. வியாழன் ஒரு சுற்று முடிக்க 11.86 ஆண்டு. ஐந்து சுற்றுக்கு 60 ஆகவில்லை, 59.3தான். அதனால் வடக்கே ஏறத்தாழ 85 ஆண்டுக்கு ஒருமுறை ஒரு பெயரைத் தள்ளிவிட்டு வியாழனோடு ஒட்டிப் போகிறார்கள். நாம் தள்ளுவதில்லை. கடலுக்கு எந்தப் பஞ்சாங்கம் என்று நினைக்கிறாய்?

சீடன்: அப்படியானால் சுற்று என்பதே பொய்யா?

குரு: சுற்று மெய்தான். அது மூடிக்கொள்ளும் என்பதுதான் பொய். சனிக்கு ஒரு சுற்று 29.46 ஆண்டு, இரண்டு சுற்று 58.9. ஆகவே 60 ஆண்டு நிறையும்போது வியாழன் புறப்பட்ட இடத்தைத் தாண்டி ஏறக்குறைய 21 பாகை போயிருக்கும், சனி 13 பாகை. சூரியனும் சந்திரனும் மட்டும் ஒத்துப்போகின்றனவா? சந்திரனின் பன்னிரண்டு மாதம் சேர்ந்தால் 354 நாள். சூரிய ஆண்டுக்கு 11 நாள் குறைகிறது. தெலுங்கரும் கன்னடரும் சந்திரக் கணக்கில் ஆண்டை நடத்துகிறவர்கள். இந்தக் குறை சேர்ந்து சேர்ந்து ஒரு மாத அளவு வந்ததும் அதிக மாதம் ஒன்றை நுழைக்கிறார்கள். 19 ஆண்டில் ஏழு முறை நுழைத்தும் சில மணி நேரம் இடிக்கிறது. இதில் சமன் எங்கே இருக்கிறது?

சீடன்: அதிக மாதத்தில்.

குரு: அதை யார் போட்டது? வானம் போடவில்லை. ஒருவன் உட்கார்ந்து கணக்குப் பார்த்து, குறைவதைக் கண்டுபிடித்து, ஈடு கட்டுகிறான். சுழற்சி தானாக நடக்கும். சமனை யாராவது செய்தாக வேண்டும். நீ இரண்டையும் ஒரே தெய்வத்தின் இரண்டு கைகளில் கொடுத்துவிட்டாய். எனக்கு இதில்தான் பயம். தராசு தெய்வத்தின் கையில் இருக்கிறதென்றால் ஈடு கட்ட வேண்டியவன் நிம்மதியாகத் தூங்குவான். தனுஷ்கோடி மனிதர் வாழத் தகாத இடம் என்று அரசு சொன்ன பிறகும் அந்த மணலில் குடிசை போட்டு மீன் பிடிக்கிறார்களே, அவர்களிடம் போய், பொறுங்கள், சுற்று வரும், உங்களுக்கும் கிடைக்கும் என்று சொல்வாயா?

சீடன்: மாட்டேன். ஆனால் ஒன்று கேட்கிறேன், ஐயா கோபிக்கக் கூடாது. என் அப்பத்தா இன்னும் இருக்கிறார். போனதெல்லாம் ஒருநாள் வேறு உருவில் வந்து சேரும் என்று சொல்லித்தான் பிள்ளைகளை வளர்த்தார். புதுப்பாலத்தில் முதல் ரயில் போனதைத் தொலைக்காட்சியில் பார்த்துவிட்டுக் கையெடுத்துக் கும்பிட்டார். இந்தத் தராசே அவருடையது. உங்கள் கணக்கு அவரிடமிருந்து அதையும் பிடுங்கிக்கொள்கிறது.

குரு: (சற்று நேரம் கழித்து) சரியான கேள்வி. அப்பத்தாவின் நம்பிக்கையை நான் தொட மாட்டேன். அந்த உரிமை எனக்கு இல்லை. இழந்தவள் தனக்குத்தானே சொல்லிக்கொள்வது வேறு. இழக்காத நாம் அவளுக்குச் சொல்வது வேறு. அவள் சொன்னால் அது பிழைத்துக் கிடப்பதற்கான பலம். நாம் சொன்னால் கைகழுவல். சொல் ஒன்றாக இருப்பதால் இரண்டும் ஒன்றாகிவிடாது.

சீடன்: அப்படியென்றால் கோயிலில் வைக்கும் சுழலிக்குத் தராசு ஆகாது. அந்தக் கையை என்ன செய்வது? அபயம் காட்டட்டுமா?

குரு: அபயமும் வாக்குறுதிதானே. ஏந்திய கையாக வரை.

சீடன்: தெய்வம் மனிதனிடம் ஏந்துவதா?

குரு: சோழநாட்டுக் கோயில்களில் பிச்சாடனரைப் பார்த்ததில்லையா? கையில் ஓட்டோடு வீட்டு வாசலில் நிற்கும் சிவனை நம்மவர்கள் தாழ்வாகவா நினைத்தார்கள்? ஒவ்வொரு சுற்றும் முடியும்போது எவ்வளவு குறைகிறது என்று காட்டுபவள் அவள். இட வேண்டியவர்கள் நாம்.

சீடன்: அறுபது ஆண்டுக்கு ஒருமுறை வந்து கேட்பாளா? அடுத்த குரோதி 2084இல்.

குரு: படிதான் அறுபது. அவளுக்கு எல்லா நாளும் கேட்கிற நாள்.

சீடன்: வருடப்பிறப்பன்று அவளுக்குப் படையல் என்ன வைப்பது? பொங்கலும் பழமும் போதாதே.

குரு: அந்த ஆண்டில் ஊரில் யாருக்கு என்ன போயிற்று என்று ஊரார் கூடி வாசிக்கட்டும். படகு போனவன், வலை போனவன், ஆள் போன வீடு. வாசித்ததற்கு ஈடு கட்டும் வரை கோயில் நடை சாத்தக் கூடாது என்று விதி வை.

சீடன்: நடை சாத்தவே முடியாதே ஐயா.

குரு: சாத்த வேண்டாம்.

சீடன்: ஆகட்டும், தராசை அழித்துவிடுகிறேன். அப்பத்தா வீட்டுச் சுவரில் மாட்டும் படத்தில் மட்டும் அது இருக்கும்.

குரு: இருக்கட்டும். அந்தப் படத்தைப் பிரதி எடுத்து விற்காதே.