அனம்தா: பெயரா, வினைச்சொல்லா?

 

 

பிறந்த பெண் பிள்ளைக்கு என்ன பெயர் என்று கேட்டால் முன்பெல்லாம் ஃபாத்திமா, ஆயிஷா, மைமூனா என்று பதில் வரும். இப்போது ‘அனம்தா’ என்கிறார்கள். ‘லின்தா’ என்கிறார்கள். ‘அலைனா’ என்கிறார்கள். பொருள் என்ன என்று கேட்டால் கைப்பேசியை நீட்டுகிறார்கள். அனம்தா, முஸ்லிம் பெண் பெயர், பொருள் இறைவனின் அருட்கொடை என்று அதில் போட்டிருக்கிறது. அதற்குக் கீழே அதிர்ஷ்ட எண், அதிர்ஷ்டக் கல், இந்தப் பெயருடையவர் அன்பானவர், கொஞ்சம் பிடிவாதக்காரர் என்று குணநலன் வேறு!

அந்தப் பெற்றோரைக் குறை சொல்வதற்காக இதைப் பேசவில்லை. குர்ஆனிலிருந்து ஒரு சொல்லை எடுத்து மகளுக்குச் சூட்ட வேண்டும் என்று ஆசைப்பட்டிருக்கிறார்கள். அழகான ஆசை. ஆனால் எடுத்த சொல் எது என்று பாருங்கள்.

அது சூரா ஃபாத்திஹாவின் கடைசி ஆயத்தில் வருகிறது. ஒவ்வொரு நாளும் ஃபர்ளு மட்டும் 17 ரக்அத். ஒவ்வொரு ரக்அத்திலும் அந்த சூரா உண்டு. யாருக்கு நீ அருள் புரிந்தாயோ அவர்களின் வழியில் எங்களை நடத்து என்று அல்லாஹ்விடம் கேட்கிறோமே, அந்த இடத்தில் வரும் ‘அன்அம்த’ என்பதுதான் அனம்தா ஆகியிருக்கிறது. அதன் பொருள் அருட்கொடை அல்ல. ‘நீ அருள் புரிந்தாய்’ என்பது. அது பெயர்ச்சொல்லே அல்ல, வினைச்சொல். அதுவும் அல்லாஹ்வை முன்னிலைப்படுத்திச் சொல்வது, ஆண்பால் வடிவம். தமிழில் ஒருவர் தம் மகளுக்கு ‘கொடுத்தாய்’ என்று பெயர் வைத்து, “கொடுத்தாய், இங்கே வாம்மா” என்று கூப்பிட்டால் எப்படி இருக்கும்?

இன்னொன்றும் உண்டு. அந்தச் சொல்லின் நடுவே ‘ஐன்’ என்ற எழுத்து இருக்கிறது. தொண்டையிலிருந்து வர வேண்டும். தமிழில் அதற்கு எழுத்தில்லை, நம் வாயிலும் அது எளிதில் வருவதில்லை. ஐன் விழுந்துவிட்டால் ‘அனம்த’ என்றாகும். அரபியில் அதற்கும் ஒரு பொருள் உண்டு: ‘நீ உறங்க வைத்தாய்’. (கைக்குழந்தை வீட்டில் யார் யாரை உறங்க வைக்கிறார்கள் என்பது தாய்மார்களுக்குத் தெரியும்!)

‘லின்தா’வும் இப்படித்தான். ஆலு இம்ரான் சூராவில் நபி (ஸல்) அவர்களைப் பார்த்து, நீர் மென்மையாக நடந்துகொண்டீர் என்று அல்லாஹ் சொல்லும் வினைச்சொல் அது. ‘அலைனா’வைக் குர்ஆனிலிருந்து எடுத்தோம் என்றால், அதன் பொருள் ‘எங்கள் மீது’. அவ்வளவுதான். குர்ஆனில் வந்துவிட்டது என்பதற்காக ஒரு சொல் பெயராகிவிடாது. ஃபிர்அவ்னும் காரூனும்கூட குர்ஆனில் இருக்கிறார்கள்.

பெயரின் பொருளை நபி (ஸல்) அவர்கள் எவ்வளவு கவனித்தார்கள்! உமர் (ரலி) அவர்களின் மகள் ஒருவருக்கு ‘ஆஸியா’ என்று பெயர் இருந்தது. மாறு செய்பவள் என்று பொருள். அதை ‘ஜமீலா’ என்று மாற்றினார்கள். முஸ்லிம் ஷரீஃபில் வருகிறது. உடனே வீட்டில் இருக்கும் ஆஸியாவை நினைத்துப் பதற வேண்டாம். ஃபிர்அவ்னின் மனைவி, அந்த ஈமான் கொண்ட பெண்மணியின் பெயர் வேறு ஆஸியா. அது ‘அலிஃப், ஸீன்’. இது ‘ஐன், ஸாத்’. தமிழில் எழுதினால் இரண்டும் ஒன்றுதான், ஆங்கிலத்திலும் ஒன்றுதான். பிறப்புச் சான்றிதழைப் பார்த்து எந்த ஆஸியா என்று யாராலும் சொல்ல முடியாது. அதனால்தான் பிள்ளையின் பெயரை அரபியிலும் ஒரு தாளில் எழுதி வையுங்கள் என்று கேட்கிறோம்.

பொருள் நன்றாக இருந்தும் மாற்றப்பட்ட பெயர் உண்டு. ‘பர்ரா’ என்றால் நல்லறம் மிக்கவள். தன்னைத் தானே புகழ்வதுபோல் ஆகிறது என்று அதை ‘ஸைனப்’ என்று மாற்றினார்கள். ஸைனப் என்பதற்கு மணமுள்ள ஒரு செடி என்று சொல்வார்கள். ‘கதீஜா’ என்றால் குறைமாதத்தில் பிறந்தவள். ‘ஃபாத்திமா’ என்றால் பால்குடி மறக்கச் செய்பவள். அகராதியை மட்டும் பார்த்துப் பெயர் தேடுபவர் இவ்விரண்டையும் தள்ளிவிட்டுப் போயிருப்பார். அந்தப் பெயர்களுக்குப் பின்னால் யார் இருக்கிறார்கள்? அதற்காகத்தானே தலைமுறை தலைமுறையாக வைக்கிறோம்! இன்று நன்னியின் பெயரை வைக்கலாம் என்றால் “பழைய பேரு” என்கிறார்கள். மகன் பிறந்த இரவில் நபி (ஸல்) அவர்கள் சூட்டிய பெயர், தம் தந்தை இப்ராஹீம் (அலை) அவர்களின் பெயர். எத்தனை நூற்றாண்டுப் பழைய பெயர்!

அந்த அதிர்ஷ்ட எண், கல் விஷயத்தில் அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. அதற்கு மார்க்கத்தில் இடமில்லை. சிலர் ‘ஹஸ்ன்’ அவர்களின் சம்பவத்தைக் காட்டுவார்கள். கரடுமுரடு என்ற பொருளுள்ள அந்தப் பெயரை நபி (ஸல்) அவர்கள் ‘ஸஹ்ல்’, அதாவது மென்மை என்று மாற்றச் சொன்னபோது, தந்தை வைத்ததை மாற்ற மாட்டேன் என்றார் அவர். அந்தக் கரடு பிறகும் எங்கள் குடும்பத்தில் இருந்தது என்று அவருடைய பேரர் ஸயீத் இப்னுல் முஸய்யப் (ரஹ்) சொன்னதாக புகாரியில் வருகிறது. அங்கே எழுத்துக் கூட்டலும் இல்லை, எண்ணும் இல்லை. பெயரின் பொருளும், நபியின் சொல்லைத் தட்டியதும்தான் இருக்கிறது.

சரி, ஏற்கெனவே அனம்தா என்று வைத்தாகிவிட்டது, என்ன செய்வது? ஹராம் என்று சொல்ல முடியாது. கெட்ட பொருளும் அல்ல. குழந்தை சிறியது, மாற்ற மனமிருக்கிறது என்றால் அதே வேரிலிருந்து ‘நிஃமா’ இருக்கிறது, ‘நஈமா’ இருக்கிறது. அருட்கொடை என்று நீங்கள் தேடிய பொருள் நிஃமாவில்தான் இருக்கிறது. பள்ளிக்கூடம் போகிற பிள்ளை என்றால் விட்டுவிடுங்கள். ஐனைச் சேர்த்துக் கூப்பிடுங்கள். மதரஸாவில் அந்தப் பிள்ளையை நிறுத்தி வைத்து “உன் பேருக்கு அர்த்தமே தப்பு” என்று யாரும் சிரிக்கக் கூடாது. ஒருவரை ஒருவர் பட்டப்பெயர் சொல்லி இழிவுபடுத்துவதை ஹுஜுராத் சூரா தடுக்கிறது. பிள்ளையின் சொந்தப் பெயரையே பட்டப்பெயர்போல் ஆக்குவது அதைவிட எந்த விதத்தில் குறைவு?

இனி பெயர் வைக்கப் போகிறவர்களுக்கு: மருத்துவமனையில் படிவத்தை நீட்டினார்கள் என்று அவசரப்பட்டு எழுதிவிடாதீர்கள். பிறப்பைப் பெயர் இல்லாமலே பதியலாம். 12 மாதத்துக்குள் கட்டணமின்றிப் பெயரைச் சேர்க்கலாம். எழுதியதை மாற்றுவதுதான் பெரிய அலைச்சல். ஏழாம் நாள் அகீகா வரை பொறுத்தாலும் போதும், உம்மா வாப்பாவோடு உட்கார்ந்து பேசலாம். மனதில் உள்ள இரண்டு மூன்று பெயர்களை எழுதிக்கொண்டு வாருங்கள். அஸருக்குப் பிறகு மஃக்ரிப் வரை நான் பள்ளியில்தான் இருக்கிறேன். அரபியில் எழுதிப் பார்த்து, ஐனா அலிஃபா என்று சொல்லிவிடலாம்.