ஓடினால்தான் கங்கை

பாவத்தையே கரைக்கிற கங்கையைச் சாக்கடை என்ன செய்துவிடும் என்று கேட்பவர்கள் உண்டு. கேள்வி அலட்சியமாகத் தோன்றினாலும் அதற்குப் பின்னால் ஒரு தத்துவம் நிற்கிறது: புனிதம் வேறு, சுத்தம் வேறு, கான்பூர் தோல் ஆலைகளின் குரோமியம் நீரைக் கெடுக்கலாம், கங்கைத் தாயைத் தொடாது. வசதியான பிரிவினைதான். ஆனால் மரபு இதற்கு இடம் தரவில்லை. நீரில் எச்சில் துப்பாதே, மலஜலம் கழிக்காதே, நஞ்சைக் கலக்காதே என்று மனுஸ்மிருதியே தடுக்கிறது. (அந்நூலின் மற்ற விதிகளை விடாமல் பிடித்துக்கொண்டவர்கள் இதை மட்டும் எப்படி மறந்தார்களோ!)

புராணத்தைப் பார்த்தாலும், சிவன் சடையில் அடைபட்டிருந்தவரை கங்கையால் சாம்பலாகிக் கிடந்த சகரரின் பிள்ளைகளுக்கு விமோசனம் கிடைக்கவில்லை; இறங்கி ஓடிவந்து சாம்பலைத் தொட்ட பிறகே கிடைத்தது. ஆக, புனிதம் அந்த நீரில் ஊறிக் கிடக்கும் குணமல்ல, அது செய்யும் காரியம். காரியம் நடக்க ஓட்டம் வேண்டும். நீரின் ஆற்றலை அறிவியலும் கவனித்தது: கங்கை, யமுனை நீரில் காலராக் கிருமிகள் சீக்கிரம் மடிவதை 1896-இல் ஹான்கின் என்ற ஆங்கிலேயர் பதிவுசெய்தார். பாக்டீரியாவை அழிக்கும் வைரஸ்களே காரணம் என்று பின்னாளில் கருதினார்கள். அந்த ஆற்றலுக்கும் அளவு உண்டு. ஹரித்வாரில் 1854-இல் திறந்த கால்வாய் ஆற்று நீரில் ஒரு பங்கை எடுத்துக்கொள்கிறது, கீழே நரோரா தடுப்பணை இன்னொரு பங்கை. கோடையில் கான்பூருக்கு வந்துசேரும் மிச்சத்தில் நகரத்தின் கழிவு விழுகிறது. ஓட்டம் குறைவது உயிர்களையும் நெருக்குகிறது: பீகாரின் விக்கிரமசீலா சரணாலயத்திலும் வாழும் கங்கை ஓங்கிலுக்கு (டால்பின்) கண்ணில் வில்லை கிடையாது. ஒலியெழுப்பி, எதிரொலி கேட்டே இரை தேடுகிறது. நீர் வற்றும் மாதங்களில் ஆழமான மடுக்களே அதற்குக் கதி. 1916-இல் மதன் மோகன் மாளவியாவும் மற்றவர்களும் ஆங்கில அரசிடம் வாதாடிப் பெற்ற உறுதிமொழியும் ஹரித்வார் படித்துறையில் தடையில்லாத ஓட்டத்தைப் பற்றியதுதான்.

கெடுத்தது நகரங்களும் ஆலைகளும்தானே, பக்தர்களை ஏன் குறை சொல்ல வேண்டும் என்று கேட்கலாம். நியாயம்தான், முழுக்குப் போடுபவரால் ஆறு சாகவில்லை. ஆனாலும் 'அவள் பார்த்துக்கொள்வாள்' என்ற நினைப்பு கழிவு விடுபவனுக்குத்தான் தெம்பு தருகிறது. புனிதத்தை ஓட்டத்தோடு முடிச்சுப் போட்டால் தெய்வத்தை வேதியியலாகச் சுருக்கியதாகாதா என்பது இன்னும் கனமான ஆட்சேபம். காசி சங்கட மோசன் கோயிலின் மகந்தாக (தலைமை அர்ச்சகராக) இருந்த வீரபத்ர மிஸ்ராவின் வாழ்க்கை இதற்குப் பதில் சொல்கிறது. நீரியல் பொறியியல் பேராசிரியரான அவர், 1982-இல் ஓர் அறக்கட்டளை தொடங்கி ஆற்றுநீரைச் சோதிக்க ஏற்பாடு செய்தார். மலக்கிருமிகளின் எண்ணிக்கை தெரிந்திருந்தும் அதே துளசி படித்துறையில் இறங்கி நீராடினார்; கரையேறி, சாக்கடையைத் திருப்பிவிடச் சொல்லி அரசோடு மல்லுக்கட்டினார்.